எல்லாப் போரிலும் அழுத பெண்

நல்லிப்பட்டணத்தில் வெளிவந்துகொண்டிருந்த 'அந்திச்சேதி' மாலைப் பத்திரிகையின் முதல் பக்கத்தில் இருபத்திரண்டு வருஷமாகத் தலையில் கைவைத்து அழுதுகொண்டிருந்த பெண், ஆடி மாதத்து இரண்டாவது செவ்வாய்க்கிழமை பிற்பகல் இரண்டே முக்கால் மணிக்கு, மிஷின் ஓடிக்கொண்டிருக்கும்போதே, கையைத் தலையிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். முதலில் ஓடிய நானூறு பிரதியில் கை தலையில் இருந்தது, அதற்குப் பிறகு ஓடியதில் மடியில் இருந்தது. மிஷினை ஓட்டிய லூர்து இரண்டு தாளையும் கொண்டுவந்து, வெளிநாட்டுச் செய்தி எழுதும் செண்பகவடிவின் மேஜையில் விரித்து, "அக்கா, இந்தம்மாவுக்குக் கை கடுத்திருக்கும் போல" என்றான். வடிவு இரண்டையும் பார்த்தாள். இருபத்திரண்டு வருஷம் என்பது யாருக்குமே கொஞ்சம் அதிகம்தான் என்று அவளுக்கும் பட்டது. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதால், கட்டுகளைக் கட்டி அனுப்பச் சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனாள்.

அந்தப் பெண் இருந்தது ஒரு துத்தநாகத் தகட்டில். படம் அச்சாக வேண்டுமானால் அதைத் தகட்டில் பொறித்து, மரக்கட்டையில் அறைந்து, எழுத்துகளோடு சேர்த்து மிஷினில் ஏற்றவேண்டும். அதற்கு பிளாக் என்று பேர். புதிதாக ஒரு பிளாக் செய்ய மதுரைக்கு ஆள் அனுப்பினால் அவன் திரும்பி வருவதற்குள் போரே முடிந்துவிடும் என்று கணக்குப் போட்ட முதலாளி தங்கப்பழம், மூடிப்போன ஓர் அச்சகத்திலிருந்து ஒரு சாக்கு நிறையப் பழைய பிளாக்குகளை அள்ளிக்கொண்டு வந்திருந்தார். வெள்ளம் வந்தால் ஒரு பிளாக், ரயில் கவிழ்ந்தால் ஒரு பிளாக், போர் என்றால் இவள். முக்காடு போட்ட சேலை, நெற்றியை அழுத்திப் பிடித்த கை, இறுக மூடிய கண்கள், எந்தத் தேசத்துக்கும் பொருந்திப் போகிற முகம். உண்மையில் அவள் சந்திரவதனா தலைவலித் தைலத்தின் விளம்பரத்துக்காக நெற்றியைப் பிடித்தவள். கீழே இருந்த தைலப் புட்டியை மட்டும் அரத்தால் ராவி எடுத்திருந்தார்கள். இது முதலாளிக்கும் லூர்துக்கும் வடிவுக்கும் மட்டும் தெரிந்த விஷயம்.

வடிவு மதுரையைத் தாண்டிப் போனதில்லை, ஆனால் எட்டுப் போர்களைத் தொடக்கத்திலிருந்து முடிவு வரை எழுதியவள். கன்னியாஸ்திரீகள் பள்ளியில் படித்த ஆங்கிலமும் மேஜையில் ஒரு ரேடியோவும் அவளுக்குப் போதும். இப்போது நடந்துகொண்டிருந்த ஒன்பதாவது போரில் மோதிக்கொண்ட இரண்டு தேசங்களின் பெயர்களும் பெரிய எழுத்தில் அச்சுக் கோத்தால் தலைப்புக்குள் அடங்காத நீளமாக இருந்ததால், ஒன்றுக்கு மேட்டுநாடு என்றும் மற்றதற்கு மணல்நாடு என்றும் அவளே பேர் வைத்தாள். 'அந்திச்சேதி'க்கு இரண்டு பதிப்புகள். மூன்று மணிப் பதிப்பு பஸ் ஸ்டாண்டுக்கு, ஐந்து மணிப் பதிப்பு மார்க்கெட்டுக்கு. மத்தியானம் ஒரு மணிக்கு ரேடியோவில் மேட்டுநாட்டு நிலையம் கணீரென்று கேட்கும், மூன்றரைக்கு அது போய் மணல்நாட்டு நிலையம் கேட்கும். கேட்டதை அந்தந்தப் பதிப்பில் எழுதினாள். அவள் ஒரு பொய்யும் சேர்த்தவள் இல்லை, சேர்த்ததெல்லாம் அடைமொழிகள்தான்.

ஆகையால் மொட்டைக்குன்று என்ற ஒரு குன்றை மேட்டுநாட்டு வீரர்கள் மூன்று மணிக்குத் தீரத்தோடு மீட்டார்கள், ஐந்து மணிக்கு வெறியோடு ஆக்கிரமித்தார்கள். பஸ் ஸ்டாண்டில் வீரமரணம் எய்தியவர்கள் மார்க்கெட்டில் கூண்டோடு ஒழிந்தார்கள். தலையில் கைவைத்த பெண் மூன்று மணிக்கு மகனைப் பறிகொடுத்த மேட்டுநாட்டுத் தாயாக இருந்துவிட்டு, இரண்டு மணி நேரத்தில் கணவனை இழந்த மணல்நாட்டு மனைவியாக ஆனாள். இரண்டு பதிப்பையும் ஒருசேர வாங்கிப் படிக்கிற வீண் செலவுக்காரர் ஊரில் யாரும் இல்லை.

பஸ் ஸ்டாண்டு முழுக்க மேட்டுநாட்டின் பக்கம் சாய்ந்தது, மார்க்கெட் முழுக்க மணல்நாட்டின் பக்கம் நின்றது. பஸ் ஸ்டாண்டில் சைக்கிள் கடை வைத்திருந்த தாமோதரன் மேட்டுநாட்டு ஆதரவுக் கமிட்டிக்குத் தலைவரானார். மார்க்கெட்டில் தையல் கடை வைத்திருந்த பால்வண்ணன் மணல்நாட்டு ஆதரவுக் கமிட்டிக்குச் செயலாளரானார். தாமோதரன் வடிவின் உடன்பிறந்த அண்ணன். பால்வண்ணன் அவள் புருஷன். மாமனும் மச்சானுமாக ஒரே தட்டில் சாப்பிட்ட இரண்டு பேரும் சித்திரை மாதத்திலிருந்து பேச்சுவார்த்தை இல்லாமல் இருந்தார்கள்.

"மொட்டைக்குன்றுல என்ன அநியாயம் பண்ணிருக்கான் பாரு, மேட்டுநாட்டுக்காரன்" என்று பால்வண்ணன் சோற்றைப் பிசைந்தபடி பொருமுவார்.

"அதை எழுதினதே நான்தானேங்க."

"நீ எழுதினா என்ன? அச்சுல வந்திருக்குல்ல."

இப்படிப்பட்ட ஊரில்தான் அந்தப் பெண் கையை இறக்கினாள். மறுநாள் புதன்கிழமை மூன்று மணிப் பதிப்பில் அவள் முடியை அள்ளிக் கொண்டை போட்டாள், ஐந்து மணிப் பதிப்பில் கையில் விளக்குமாறு இருந்தது. வியாழக்கிழமை அவளுக்குப் பின்னால் ஒரு சுவரும் சுவரில் ஒரு ஜன்னலும் வந்தன. வெள்ளிக்கிழமை அவள் அடுப்பைப் பற்றவைத்துவிட்டு, புகைக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, சிரித்தாள். படத்துக்குக் கீழே மட்டும், முதலாளியின் கண்டிப்பான உத்தரவின்படி, 'கதறி அழும் தாய்' என்றே போட்டுக்கொண்டிருந்தார்கள். ஊர் படத்தையும் பார்த்தது, வாசகத்தையும் படித்தது, பெரிய துக்கத்திலும் வீட்டு வேலையை யார் செய்வது என்று தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டு பக்கத்தைப் புரட்டியது.

அதுவரை பத்திரிகையைத் தொட்டுப் பார்க்காத பெண்கள் வாங்க ஆரம்பித்தார்கள். பூக்கடை வரிசையில் ஒருத்தி படிக்க, மற்றவர்கள் தொடுத்தபடியே கேட்டார்கள். முனிசிபல் ஆஸ்பத்திரி நர்ஸ் கிரேஸம்மா, படத்தைக் கண்ணருகே பிடித்துப் பார்த்து, இந்தப் பெண்ணுக்கு ரத்தம் போதாது, முருங்கைக்கீரை சாப்பிடட்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். இரண்டு நாள் கழித்து அவள் முறத்தில் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்ததைப் பார்த்ததும், வார்டு முழுக்கப் பத்திரிகையைத் தூக்கிக் காட்டிக்கொண்டு நடந்தார். பால்வண்ணனுக்கு அவள் ரவிக்கைதான் உறுத்தியது. கைப்பக்கம் இறுக்கமாகப் பிடிக்கிறது, ரெண்டு தையல் பிரித்துவிட்டால் சரியாகிவிடும் என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொன்னார். பஸ் ஸ்டாண்டில் டீக்கடை வைத்திருந்த மைதீனோ, அவள் அடுப்பில் ஏற்றியிருந்த பாலைப் பார்த்துவிட்டு, "பொங்கப் போவுது, பொங்கப் போவுது, யாராச்சும் அந்தம்மாட்ட சொல்லுங்கப்பா" என்று பதறி, அந்தப் பதற்றத்தில் தன் அடுப்புப் பாலைப் பொங்கவிட்டார்.

மூன்றாவது வாரத்தில் ஒரு புதன்கிழமை, மூன்று மணிப் பதிப்பில், அவள் கொடியில் துணி காயப்போட்டிருந்தாள். ஜன்னலுக்கு வெளியே வானம் கறுத்திருந்தது. துணியை எடுத்தாளா இல்லையா என்பது ஐந்து மணிப் பதிப்பில்தான் தெரியும், அது வருவது மார்க்கெட்டுக்கு. பஸ் ஸ்டாண்டு ஆட்கள் நாலரை மணியிலிருந்து தவித்துப் பார்த்தார்கள். பிறகு மானத்தை ஒதுக்கி வைத்துவிட்டு, கூட்டமாகக் கிளம்பி, பல மாதமாகக் கால் வைக்காத மார்க்கெட்டுக்குள் போனார்கள். துணி எடுக்கப்பட்டிருந்தது. அப்பாடா என்று நாற்பது பேர் ஒன்றாகப் பெருமூச்சு விட்டதில் தக்காளிக் கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். மறுநாளிலிருந்து மார்க்கெட் ஆட்கள் மூன்று மணிப் பதிப்புக்காகப் பஸ் ஸ்டாண்டுக்கு வர ஆரம்பித்தார்கள், ஏனென்றால் ஐந்து மணிக்கு அவள் ஊறுகாய் ஜாடியைக் கட்டி வைப்பது தெரிந்தது, உள்ளே என்ன காய் போட்டாள் என்பது மூன்று மணிக்காரர்களுக்கு மட்டுமே தெரிந்திருந்தது.

நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. ஆனால் படத்தைப் பார்க்கப் போனவர்கள் அடுத்தவர் பதிப்பின் செய்தியையும் படித்துவிட்டார்கள். இங்கே மீட்டது அங்கே ஆக்கிரமிப்பாக இருந்தது, இங்கே தியாகி அங்கே கூலிப்படையாக இருந்தான். இரண்டையும் எழுதியது ஒரே ஆபீஸ் ஆயிற்றே என்று ஒருவருக்காவது தோன்றியிருக்க வேண்டும், தோன்றவில்லை. மார்க்கெட்காரன் ஆபீசில் ஆள்பிடித்து நம் செய்தியை மாற்றுகிறான் என்று பஸ் ஸ்டாண்டு சொன்னது. அதையே மார்க்கெட் திருப்பிச் சொன்னது. இரண்டு கமிட்டியும் ஞாயிற்றுக்கிழமை காலை மணிக்கூண்டுக்கு ஊர்வலம் போவதாக அறிவித்தன, இருவருக்கும் பத்து மணிதான் நல்ல நேரமாகக் கிடைத்தது. கொடி கட்டுவதற்கென்று வெட்டிய கம்புகளைப் பார்த்தாலே தெரிந்தது, கொடி சும்மா ஒரு சாக்கு.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் வடிவு வீட்டுக்கு வந்தபோது பால்வண்ணன் வாசலில் உட்கார்ந்து ஒரு வேலங்கம்பைச் சீவிக்கொண்டிருந்தார். ஊசியில் நூல் கோக்கக் கண்ணாடி தேடுகிற மனிதர்.

"இது யாருக்குங்க?"

"எதுக்கும் இருக்கட்டும்னுதான்."

"எங்கண்ணன் மண்டையிலயா போடப் போறீங்க?"

"அவரு கொண்டாராம வந்தா நானும் கொண்டார மாட்டேன்" என்று சொல்லிவிட்டுக் கம்பைத் திருப்பி மறுபக்கம் சீவினார்.

வடிவு அப்படியே செருப்பை மாட்டிக்கொண்டு அண்ணன் வீட்டுக்கு நடந்தாள். தாமோதரன் சைக்கிள் செயின் ஒன்றுக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தார், பக்கத்தில் சைக்கிள் எதுவும் இல்லை. "வடிவு, நீ பொம்பளப்பிள்ள, இதுல தலையிடாத. அந்தத் தாய் வடிச்ச கண்ணீருக்கு ஒரு நியாயம் கிடைக்கணும்" என்றார். அந்தக் கண்ணீரை எழுதி எழுதி வடியவைத்ததே அவள்தான். ஞாயிற்றுக்கிழமை யார் மண்டை உடைந்தாலும் அது அவள் சொந்தக்காரர் மண்டையாகத்தான் இருக்கும், உடைத்தது அவளுடைய அடைமொழியாகத்தான் இருக்கும்.

சனிக்கிழமை காலையில் முதலாளி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அச்சுக்கூடத்துக்கே வந்துவிட்டார். இரண்டு கமிட்டிகளும் ஊர்வலத்தில் கொடுக்க ஆளுக்கு ஆயிரம் பிரதி கேட்டிருந்தன.

"ஏம்மா வடிவு, நாளைக்கு ஊரே திரளுது. மூணு மணிக்கு மேட்டுநாட்டுக்காரனுக்கு நெஞ்சு வெடிக்கணும், அஞ்சு மணிக்கு மணல்நாட்டுக்காரனுக்கு ரத்தம் கொதிக்கணும். அந்தப் பொம்பளைய இன்னைக்காவது ஒழுங்கா அழச் சொல்லு. கீரை ஆயறது, துணி காயப்போடறதெல்லாம் போதும். அழலேன்னா பிளாக்கை இரும்புக் கடையில போட்டுருவேன்."

"சண்டை வந்துரும், ஐயா."

"வந்தா அதுக்கு ஒரு பதிப்பு போடுவோம்" என்று சொல்லிவிட்டு அவர் சாப்பிடப் போனார். சாப்பிட்டால் ஐந்து மணி வரை தூங்குவார், அது ஊருக்கே தெரியும்.

லூர்து பிளாக்கை ஏற்றி, மை தடவி, ஒரு தாள் எடுத்துக் காட்டினான். அவள் அழவில்லை. கீரையும் இல்லை, கொடியும் இல்லை. ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, இரண்டு கைகளையும் மடியில் வைத்து, நேராக வடிவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கோபம் இல்லாத பார்வை. வீட்டுக்கு வந்தவள், வந்து நெடுநேரமாகியும் தன் பேரை ஒருத்தரும் கேட்கவில்லையே என்று பொறுமையாகக் காத்திருக்கிற மாதிரி இருந்தது. வடிவுக்கு வெட்கமாகிவிட்டது. ஒன்பது போரில் இவளை விதவையாக்கியிருக்கிறாள், பிள்ளைகளைப் பறித்திருக்கிறாள், வீட்டை எரித்திருக்கிறாள், ஒரு நாளும் நீ யாரம்மா என்று கேட்டதில்லை. கண்ணில் நீர் முட்டியது, அதைத் துடைத்துக்கொண்டு ஒரு தாளை எடுத்து வேகமாக எழுதினாள்.

லூர்து படித்துவிட்டு, "அக்கா, வேலை போயிரும்" என்றான்.

"என் வேலைதான் போகும். நீ கோத்துரு. ரெண்டு பதிப்புக்கும் இதேதான்."

அன்று மூன்று மணிக்குத் தாமோதரன் வழக்கம்போல மைதீன் கடை பெஞ்சின்மேல் ஏறி நின்று, நாளைய ஊர்வலத்துக்குத் தொண்டையைப் பழக்குவது மாதிரி, உரத்த குரலில் படித்தார்:

"'படத்தில் இருப்பவர் மேட்டுநாட்டுத் தாய் அல்ல. மணல்நாட்டு மனைவியும் அல்ல. இவர் யாரென்று எங்களுக்குத் தெரியாது. ஒரு தலைவலித் தைலத்தின் விளம்பரத்துக்காக நெற்றியைப் பிடித்தவரை, இருபத்திரண்டு வருஷமாக எல்லாப் போரிலும் அழவைத்தது நாங்கள். மொட்டைக்குன்றை மூன்று மணிக்கு மீட்டதும் ஐந்து மணிக்கு ஆக்கிரமித்ததும் ஒரே பேனா. இரண்டு ரேடியோ நிலையங்கள் சொன்னதை ஒருத்தியே எழுதினாள். அந்தக் குன்றில் உண்மையில் என்ன நடந்தது என்று அவளுக்குத் தெரியாது. எழுதியவள், செண்பகவடிவு. மார்க்கெட் தையல்கடை பால்வண்ணனின் மனைவி, பஸ் ஸ்டாண்டு சைக்கிள்கடை தாமோதரனின் தங்கை.'"

தன் பேரைத் தானே உரக்கப் படித்து முடித்த தாமோதரன் பெஞ்சின்மேலேயே நின்றார், இறங்குவதா வேண்டாமா என்று தெரியாமல். பாய்லர் மட்டும் கொதித்தது. அப்புறம் மைதீன் மெல்லக் கேட்டார்: "தாமோதரா, அப்ப நாம இத்தனை நாளா வரிஞ்சு கட்டினது ஒரு தலைவலிக்காடா?"

முதலில் சிரித்தது ஒரு கண்டக்டர். அவர் சிரித்துக்கொண்டே விசிலடித்துப் பஸ்ஸைக் கிளப்பியதால் சிரிப்பு மார்க்கெட்டுக்கு மூன்றரைக்கே போய்ச் சேர்ந்துவிட்டது, செய்தி ஐந்துக்குத்தான் போயிற்று. பால்வண்ணன் பத்திரிகையைப் படித்துவிட்டு, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் படித்தார். "அச்சுல வந்திருக்கே" என்று அவர் முனகியதாகச் சொல்வார்கள்.

கம்பு வெட்டியாகிவிட்டது, மேளத்துக்குச் சொல்லியாகிவிட்டது என்பதால் ஞாயிற்றுக்கிழமை இரண்டு ஊர்வலங்களும் வரத்தான் செய்தன. மணிக்கூண்டின் அடியில் எதிரும் புதிருமாக நின்றார்கள். தாமோதரன் கையை உயர்த்தி "மேட்டுநாட்டின்..." என்று ஆரம்பித்ததும், எதிர்ப்பக்கம் கூட்டத்துக்குள்ளிருந்து ஒருவர், "தலைவலி விட்டுருச்சா அண்ணாச்சி?" என்று மிகுந்த அக்கறையோடு கேட்டார். சிரித்த சிரிப்பில் அதற்குமேல் கோஷம் போட யாருக்கும் வாய் கூடவில்லை. மேளக்காரர்கள், பேசிய நேரத்துக்கு வாசித்தே தீருவோம் என்று ஒரு கும்மிப்பாட்டை எடுத்தார்கள், நர்ஸ் கிரேஸம்மா முதல் ஆளாக இறங்கினார்.

"எல்லாம் ஒம்ம பொண்டாட்டி பண்ணின வேலை, மாப்ள" என்றார் தாமோதரன்.

"ஒங்க தங்கச்சின்னு சொல்லுங்க மச்சான்" என்றார் பால்வண்ணன்.

சித்திரைக்குப் பிறகு அவர்கள் பேசிக்கொண்ட முதல் வார்த்தைகள் அவை. மத்தியானம் இரண்டு பேரும் வடிவு வீட்டில் ஒன்றாக உட்கார்ந்து, அவளைத் திட்டித் திட்டி, மூன்று தரம் சோறு வாங்கிச் சாப்பிட்டார்கள்.

முதலாளி அவளை ஞாயிற்றுக்கிழமையே வேலையிலிருந்து நீக்கினார். திங்கட்கிழமை வெளிநாட்டுச் செய்தியைத் தானே எழுத உட்கார்ந்து, ரேடியோவோடு இரண்டு மணி நேரம் மல்லுக்கட்டி, மேட்டுநாடு மேட்டுநாட்டையே தோற்கடித்ததாக எழுதி முடித்தார். செவ்வாய்க்கிழமை காலையில் வடிவு வீட்டு வாசலில் வந்து நின்று, "அம்மா, கிளம்பு" என்று மட்டும் சொன்னார்.

வடிவு ஆபீசுக்குப் போனபோது பிளாக்கில் அந்தப் பெண் இல்லை. நாற்காலி இருந்தது, சுவர் இருந்தது, கதவு திறந்திருந்தது. லூர்து எத்தனை தாள் எடுத்தாலும் அவ்வளவுதான் வந்தது. அவள் எங்கே என்று கேட்ட பூக்கடைப் பெண்களுக்கு, அவர்களில் ஒருத்தியே, "அழுதது அவ இல்லேன்னு அச்சுலயே சொல்லியாச்சுல்ல, போயிட்டா" என்று பதில் சொன்னாள். எல்லோருக்கும் அது சரியாகப் பட்டது. வடிவுக்கு மட்டும் சில நாள் நெஞ்சுக்குள் என்னமோ போலிருந்தது.

அந்தக் காலி நாற்காலிக்குக் கீழே எந்த அடைமொழியும் உட்காரவில்லை. வடிவு இப்படி எழுதினாள்: 'நேற்று மணல்நாட்டில் ஒரு தெருவில் குண்டு விழுந்தது. பதினோரு பேர் இறந்ததாக இரண்டு ரேடியோவும் சொல்கின்றன. பெயர்கள் இன்னும் வந்து சேரவில்லை.' ஒரு ஆளைப் பார்த்துப் பழகிய இடத்தில் வெறும் நாற்காலியைப் பார்க்க ஊருக்குப் பொறுக்கவில்லை. மறுநாள் அவள் பஸ் ஸ்டாண்டைக் கடந்தபோது மைதீன் கூப்பிட்டு, "பேரு வந்துச்சாம்மா?" என்றார். மார்க்கெட்டிலும் அதையேதான் கேட்டார்கள். யார் மேல் தப்பு, யார் பக்கம் ஜெயம் என்று கேட்க வாயெடுத்தவர்கள்கூட, முதலில் இதைக் கேட்டுவிட்டுத்தான் கேட்டார்கள். வடிவு இரண்டு ரேடியோ நிலையங்களுக்கும் கடிதம் எழுதினாள். ஒன்று பதில் போடவில்லை. மற்றதிலிருந்து, ஐந்து வாரம் கழித்து, நீலநிற விமானத் தபாலில், யாரோ ஒரு குமாஸ்தா கையால் எழுதிய பதினோரு பேரும் வயதும் வந்தன.

அன்றைக்கு இரண்டு பதிப்பிலும் நாற்காலி இருந்த இடத்தில் அந்தப் பதினோரு பேர்கள் வந்தன. தாமோதரன் பெஞ்சில் ஏறாமல், பெஞ்சில் உட்கார்ந்து படித்தார். வாயில் நுழையாத பேர்களை இரண்டு மூன்று தரம் சொல்லிப் பார்த்துச் சரியாகச் சொன்ன பிறகே அடுத்ததற்குப் போனார். மார்க்கெட்டிலிருந்து வந்திருந்த பால்வண்ணன் பக்கத்தில் உட்கார்ந்து விரலை வைத்துக்கொண்டே வந்தார். கடைசிப் பேர் யாசிரா.

"வயசு?" என்றார் மைதீன்.

"நாலு."

மைதீன் கரண்டியைக் கீழே வைத்தார். அன்று சாயங்காலம் நல்லிப்பட்டணத்தில் யாரும் 'அந்திச்சேதி'யில் வடை மடிக்கவில்லை.